மெட்டுக்குப் பின்னால் நின்ற கோவர்த்தனம்

நேயர்களுக்கு வணக்கம்.

வன்னியில் கல்யாண வீடென்றால் ‘நாதஸ்வர ஓசையிலே’ ஒலிபெருக்கியில் கேட்டாக வேண்டும். கிளிநொச்சியானாலும் மல்லாவியானாலும் இதே வழக்கம்தான். அந்தப் பாட்டுக்கு இசை யார் என்று பந்தலில் கேட்டுப் பாருங்கள், விஸ்வநாதன் என்று உடனே பதில் வரும். இசையமைத்தவர் ஆர். கோவர்த்தனம். படம், 1968 இல் வந்த ‘பூவும் பொட்டும்’.

ஏவிஎம் படங்களுக்கு இசையமைத்த ஆர். சுதர்சனத்தின் தம்பி இவர். அண்ணனுக்கு உதவியாக இருந்தார், விஸ்வநாதனிடம் இருந்தார், பிற்காலத்தில் இளையராஜாவிடமும் இருந்தார். இடையிடையே தன் பெயரிலும் சில படங்கள். ஆனால் அவருடைய உழைப்பில் பெரும்பங்கு மற்றவர்களின் பாடல்களுக்குள்ளேதான் கிடக்கிறது.

உதவியாளர் என்றதும் ஆர்மோனியப் பெட்டியைத் தூக்கி வருபவர் என்று நினைத்துவிடக் கூடாது. இசையமைப்பாளர் ஒரு மெட்டைப் பாடிக் காட்டுவார். மறுமுறை கேட்டால் அவருக்கே அது வேறுவிதமாக வரும். பாடும்போதே அதைச் சுரமாக எழுதிப் பிடிக்க ஒருவர் வேண்டும். பிறகு பல்லவிக்கு முன்னே வரும் இசை, சரணங்களுக்கு நடுவே வரும் இசை ஆகியவற்றைத் தாளில் பிரித்து எழுத வேண்டும். வயலின்காரருக்கு ஒரு தாள், புல்லாங்குழலுக்கு ஒரு தாள். பாடகரின் குரல் எந்த இடத்தில் மூச்சு வாங்குகிறதோ அந்த இடைவெளிக்குள் குழல் நுழைந்து வெளியேற வேண்டும். அக்காலத்தில் பாடகரும் வாத்தியக்காரரும் ஒன்றாக அமர்ந்துதான் ஒலிப்பதிவு நடந்தது. ஒருவர் பிசகினாலும் எல்லோரும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். அத்தனை பேரையும் கைவீச்சில் கட்டி நடத்துபவர்தான் நடத்துநர். கேட்ட மாத்திரத்தில் சுரம் எழுதுவதில் கோவர்த்தனம் பெயர் பெற்றவர்.

தன் பெயரில் அவர் தந்தவையும் சாதாரணமல்ல. 1960 இல் ‘கைராசி’, 1967 இல் ‘பட்டணத்தில் பூதம்’, 1976 இல் ‘வரப்பிரசாதம்’. ‘கங்கை நதியோரம்’ இந்தக் கடைசிப் படத்துப் பாட்டு. இப்படிப் பாடல்கள் தந்த ஒருவர், வயதில் இளைய இளையராஜாவின் ஒலிப்பதிவுகளிலும் வேலை செய்தார். அதை இறக்கமாகச் சிலர் பேசுவார்கள். எனக்கு அது இசைமீது கொண்ட பற்றாகவே தெரிகிறது. 2017 இல் சேலத்தில் காலமானார்.

இதை வன்னியிலிருந்து பேசுவதற்குக் காரணம் உண்டு. முல்லைத்தீவில் கோவலன் கூத்து ஆடினால் அதைப் பழக்கி நடத்தும் அண்ணாவியாரின் பெயரை ஊரே சொல்லும். விடியும்வரை பிற்பாட்டுப் பாடித் தொண்டை கட்டியவரின் பெயரை எத்தனை பேர் சொல்வார்கள்? கோயில்களுக்காக வெளியிடும் இறுவட்டுகளை எடுத்துப் பாருங்கள். மேலட்டையில் அம்மன், பின்னட்டையில் உபயகாரரின் படம், பாடியவர், எழுதியவர், வெளியீட்டு விழாவுக்குத் தலைமை தாங்கியவர். இரவிரவாக ஓர்கன் முன்னே இருந்து அத்தனை பாட்டுக்கும் இசைக்கோர்ப்புச் செய்த இளைஞனுக்கு ஒரு மூலையில் பொடி எழுத்து. சிலவற்றில் அதுவும் இல்லை. காசும் அப்படித்தான், பாடகருக்குக் கொடுத்து மிஞ்சினால் பார்ப்போம் என்பார்கள். இது அநியாயம்.

அறிவிப்பாளர்களிடம் ஒரு வேண்டுகோள். நம் ஊர்ப் பாடல்களை ஒலிபரப்பும்போது இசைக்கோர்ப்புச் செய்தவரின் பெயரையும் சேர்த்து வாசியுங்கள். அட்டையில் இல்லாவிட்டால் வெளியிட்டவர்களைக் கேட்டு வாங்குங்கள். இறுவட்டு வெளியிடும் கோயில் சபைகள் அவருக்குரிய தொகையை வேலை தொடங்கும் முன்னே பேசிக்கொள்ளுங்கள்.

அடுத்து நீங்கள் கேட்கப்போவது ‘அந்தச் சிவகாமி மகனிடம்’. கவிஞர் கண்ணதாசன், சிவகாமி அம்மாளின் மகனான காமராசருக்கு விட்ட தூது என்று எழுதியவரைப் பற்றியே எப்போதும் கதை சொல்கிறோம். படம் ‘பட்டணத்தில் பூதம்’. பாடியவர்கள் டி. எம். சௌந்தரராஜன், பி. சுசீலா. பாடல் கண்ணதாசன். இசை ஆர். கோவர்த்தனம்.