ஆவணம் வாய் திறக்காத இடத்தில்

அவையோருக்கு வணக்கம்.

வரலாறு, இனவரைவியல், வாய்மொழி வரலாறு என்று மனிதர்களைப் பற்றிய நூல் எதை எடுத்தாலும் ஒரு கேள்வி வந்து விழும். "இதற்கெல்லாம் என்ன நிரூபணம்? ஆளுக்கொரு கருத்தைச் சொல்லிவிட்டுப் போகிறார்கள்." மேடையில் இதற்கு வழக்கமாகச் சொல்லும் பதில், இந்த நூல்கள் மனிதனைப் பண்படுத்துகின்றன என்பது. எனக்கு அந்தப் பதிலில் நம்பிக்கை இல்லை. நிறையப் படித்த கொடுங்கோலர்களை உலகம் பார்த்திருக்கிறது. அந்தப் பக்கம் போகாமல், இந்த நூல்கள் எப்படி வேலை செய்கின்றன என்பதை மட்டும் பார்ப்போம். குறிப்பாக ஓர் இடத்தை: ஆதாரம் தீர்ந்துபோகிற இடத்தை. அங்கே எழுதுபவர் என்ன செய்கிறார் என்பதில்தான் நூலின் தரம் தெரியும். இதுதான் என் கட்சி.

ஒரு வழக்கைச் சொல்கிறேன். தென் பிரான்சில் ஆர்த்திகா என்ற கிராமம். மார்த்தான் கெர் என்ற இளைஞன் 1548-இல் தன் தகப்பனாரிடமே தானியம் திருடியதாகப் பேச்சு வந்ததும் வீட்டைவிட்டுப் போனான். மனைவி பெர்த்ராந்த், ஒரு கைக்குழந்தை. எட்டு வருஷம் தகவலே இல்லை. 1556-இல் ஒருவன் வந்தான், நான்தான் மார்த்தான் என்றான். பழைய சங்கதிகளையெல்லாம் சொன்னான். தங்கைமார் ஏற்றுக்கொண்டார்கள், ஊர் ஏற்றுக்கொண்டது, பெர்த்ராந்தும் ஏற்றுக்கொண்டாள். மூன்று வருஷத்துக்கு மேல் குடும்பம் நடந்தது, பெண் குழந்தைகளும் பிறந்தார்கள். பிறகு சொத்துக் கணக்கில் சித்தப்பாவோடு தகராறு. அவர் வழக்குப் போட்டார்: இவன் மார்த்தானே அல்ல, அர்னோ து தில் என்கிற ஏமாற்றுக்காரன்.

சாட்சி சொல்ல நூற்றைம்பது பேர் அளவில் வந்தார்கள். முப்பது நாற்பது பேர் இவன்தான் மார்த்தான் என்றார்கள். நாற்பத்தைந்து பேர் இல்லவே இல்லை என்றார்கள். அறுபது பேருக்கு எந்தப் பக்கமும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. செருப்புத் தைப்பவர் ஒருவர் தன் அளவுக் கணக்கைச் சொன்னார்: மார்த்தானுக்கு நான் தைத்தது பன்னிரண்டாம் அளவு, இவன் காலுக்கு ஒன்பதுதான். வளர்ந்த ஆளின் பாதம் சுருங்குமா? அப்படியும் துலூஸ் மேல்முறையீட்டு மன்றம் இவனை விடுவிக்கும் நிலைக்கு வந்துவிட்டது. அந்த நேரத்தில் மரத்தால் செய்த காலோடு ஒருவர் உள்ளே வந்தார். நிஜமான மார்த்தான். ஸ்பெயின் படையில் சேர்ந்து போரில் காலை இழந்தவர். 1560 செப்டம்பரில் அர்னோவை அந்த வீட்டு வாசலிலேயே தூக்கிலிட்டார்கள்.

வழக்கை விசாரித்த நீதிபதிகளில் ஒருவரான ழான் த கொரா அடுத்த வருஷமே இதைப் புத்தகமாக எழுதிவிட்டார். கட்டுரையாளர் மோந்தேன்கூட இந்த வழக்கைக் குறிப்பிட்டு, நூறு வருஷம் கழித்து வாருங்கள் என்று வாதி பிரதிவாதிகளை அனுப்பிவைத்த பழைய கிரேக்க நீதிமன்றத்தை நினைவுபடுத்துகிறார். நீதிபதி எழுதியிருக்கிறார், மேதை எழுதியிருக்கிறார், கதை ஊருக்கெல்லாம் தெரியும். ஆனால் பெர்த்ராந்துக்குத் தெரியுமா, தெரியாதா? அதற்கு மட்டும் பதில் இல்லை. நான் உன் புருஷன் இல்லை என்று சத்தியம் செய் பார்க்கலாம் என்று குற்றவாளிக் கூண்டிலிருந்தே அர்னோ கேட்டபோது அவள் சத்தியம் செய்யவில்லை. அவளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாது. தன் மனதை எங்கும் எழுதிவைக்கவில்லை. ஏமாந்தவள் என்று நீதிமன்றம் முடிவு செய்து விட்டுவிட்டது. அப்படி முடிவு செய்வதுதான் எல்லாருக்கும் வசதி. அவளுடைய குழந்தைக்கும்தான்.

1983-இல் நடாலி ஸீமன் டேவிஸ் என்ற வரலாற்றாசிரியர் இந்த மௌனத்தில் கை வைத்தார். பெர்த்ராந்தைப் பற்றி ஆவணம் இல்லை, சரி. அந்த வட்டாரத்து மற்றப் பெண்களைப் பற்றி இருக்கிறதே? கல்யாண ஒப்பந்தங்கள், உயில்கள், நிலப் பத்திரங்கள் இவற்றையெல்லாம் புரட்டினார். கணவன் செத்தானா உயிரோடு இருக்கிறானா என்று தெரியாத பெண்ணுக்கு அன்றைய சட்டத்தில் மறுமணம் கிடையாது, விதவைக்கு உள்ள உரிமையும் கிடையாது. இரண்டுங்கெட்டான் நிலை. அப்படிப்பட்ட ஒருத்தி, அணைத்துப் பேசுகிற ஒருவன் வாசலில் வந்து நிற்கும்போது, தெரிந்தே "இவர்தான்" என்று சொல்லியிருக்கலாம் என்கிறார் டேவிஸ். ஏமாந்தவள் அல்ல, உடந்தை. இருவரும் சேர்ந்து ஒரு குடும்பத்தைக் கட்டினார்கள்.

ராபர்ட் ஃபின்லே என்ற இன்னொரு வரலாற்றாசிரியர் 1988-இல் ஒரு வரலாற்று இதழில் பிடித்துக்கொண்டார். நீங்கள் சொல்லும் பெர்த்ராந்த் ஆவணத்தில் இல்லை, உங்கள் காலத்துப் பெண்ணைப் பதினாறாம் நூற்றாண்டில் கொண்டுபோய் வைக்கிறீர்கள் என்றார். டேவிஸ் அதே இதழில் விரிவாகப் பதில் எழுதினார். இரண்டையும் படித்தால் யார் பக்கம் சாய்வது என்று எளிதில் புலப்படாது. என்னைக் கேட்டால் ஃபின்லே எச்சரிப்பது நியாயம், ஆனால் ஏமாந்தாள் என்பதும் ஓர் ஊகம்தான். நீதிபதியின் முத்திரை விழுந்ததால் அது ஆவணம் போலத் தெரிகிறது, அவ்வளவுதான். தவிர, டேவிஸ் ஒளிக்கவில்லை. இதில் ஒரு பகுதி என் கற்பனை, ஆனால் கடந்த காலத்தின் குரல்கள் அதைக் கட்டுக்குள் வைத்திருக்கின்றன என்று முன்னுரையிலேயே சொல்லிவிடுகிறார். "இருக்கலாம்" என்று எழுத வேண்டிய இடத்தில் அப்படியே எழுதுகிறார். விறுவிறுப்பாக இருக்க வேண்டும் என்பதற்காக அந்த "லாம்"களையெல்லாம் துடைத்துவிட்டு, அரசன் அன்றிரவு தூக்கமின்றிப் புரண்டான் என்று எழுதும் வரலாறுகள் எத்தனை விற்கின்றன! அவற்றின் மேல்தான் எனக்குக் கோபம்.

இது பேசாத ஆவணம். பேசிக் குவித்த ஆவணமும் உண்டு, அதில் வேறு சிக்கல். வடக்கு இத்தாலியில் மாவு ஆலை வைத்திருந்த மெனோக்கியோ என்பவரை, திருச்சபைக் கொள்கைக்கு மாறாகப் பேசுபவர்களைத் தண்டிக்கும் மத விசாரணை மன்றம் 1584-இல் விசாரித்தது. உலகம் எப்படி உண்டானது என்று அவரிடம் கேட்டார்கள். ஆதியில் எல்லாம் ஒரே குழப்பம், பால் திரண்டு பாலாடைக்கட்டி ஆவதுபோல அதில் ஒரு திரள் உண்டானது, அதில் நெளிந்த புழுக்களே தேவதைகள் என்றார் மனிதர். வாயை மூடிக்கொண்டிருந்தால் பிழைத்திருப்பார். அவரால் முடியவில்லை. இத்தனை பெரிய மனிதர்கள் உட்கார்ந்து தன் பேச்சைக் கேட்பது அதுவே முதல் தடவையாக இருந்திருக்கும். சிறையில் அடைத்து, பிறகு வெளியே விட்டார்கள். மறுபடியும் பேசினார். 1599-இல் கொன்றுவிட்டார்கள். அவர் சொன்னதை எழுத்தர் வரிக்கு வரி எழுதிவைத்திருந்ததால், கார்லோ கின்ஸ்புர்க் 1976-இல் அவரைப் பற்றி ஒரு நூலே எழுத முடிந்தது. இரவல் வாங்கிப் படித்த சில புத்தகங்களிலிருந்து இந்த ஆள் இதை எப்படி உருவி எடுத்தார் என்று புத்தகத்துக்குப் புத்தகம் ஒப்பிட்டுப் பார்க்கிறார். புத்தகத்தில் இல்லாத ஏதோ ஒன்று, ஊரில் வாய்வழியாக வந்த ஒன்று, அவர் படிப்பைத் திருப்பியிருக்கிறது என்கிறார்.

ஆனால் பதிவு செய்தவன் யார்? கொல்லும் அதிகாரம் உள்ளவன். இதை மறந்துவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு தென் பிரான்சின் மோந்தாயு கிராமத்தைப் பற்றிய புகழ்பெற்ற நூல் உதாரணம். பின்னாளில் போப்பாண்டவரான ழாக் ஃபூர்னியே 1318 முதல் 1325 வரை நடத்திய மத விசாரணையின் பதிவேட்டிலிருந்து, வரலாற்றாசிரியர் எமானுவேல் ல ருவா லாதுரி அந்த ஊரின் அடுப்படி, படுக்கை, வம்பு எல்லாவற்றையும் 1975-இல் மீட்டுக் கொடுத்தார். பெண்கள் பேன் பார்த்துக்கொண்டே ஊர்க்கதை பேசுவதுகூட வருகிறது. அருமையான நூல். ஆனால் ஜனங்கள் பேசியது ஓக்ஸிதான் மொழியில், எழுதியது லத்தீனில், பேச வைத்தது பயம். ரெனாட்டோ ரோசால்டோ என்ற மானுடவியலாளர் 1986-இல் இதைத்தான் சுட்டினார்: விசாரணைக்காரரைக் களப்பணிக்கு வந்த ஆய்வாளர்போல ஆக்கிவிட்டீர்களே!

உயிரோடு இருப்பவர்களிடம் நேரில் போய்க் கேட்டுவிட்டால் தொல்லை தீர்ந்ததா? தீராது. மானுடவியலாளர் மார்கரெட் மீட் பசிபிக் தீவான சமோவாவின் இளம்பெண்களைப் பற்றி 1928-இல் எழுதியதை இன்னொரு மானுடவியலாளர் டெரக் ஃப்ரீமன் 1983-இல் தவறென்று சாடினார், அந்தச் சண்டை இன்னும் ஓயவில்லை. அதற்குள் போனால் இன்றைக்குக் கூட்டம் முடியாது. பெலரூஸ் எழுத்தாளர் ஸ்வெட்லானா அலெக்சியேவிச் செய்ததை மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்கிறேன். இரண்டாம் உலகப் போரில் சோவியத் படையில் இருந்த பெண்களை அவர் தேடித் தேடிச் சந்தித்தார். ஒரு வீட்டில் கணவர் தயங்கித் தயங்கி எழுந்து போகிறார். போகும்போது மனைவியிடம், நான் சொல்லிக்கொடுத்தபடி சொல், அழுகையும் அற்ப விஷயமும் வேண்டாம் என்கிறார். இரவு முழுக்க அதிகாரபூர்வப் போர் வரலாற்றை வைத்துக்கொண்டு அவர் பாடம் நடத்தியதை அந்த அம்மாள் பிறகு ஒப்புக்கொள்கிறார். வேறொருவராக இருந்தால் இதை விட்டுவிட்டு, "உண்மையான" பேட்டியை மட்டும் அச்சிட்டிருப்பார். அலெக்சியேவிச் கணவரையும் நூலுக்குள்ளேயே வைத்தார். 1985-இல் வந்த நூல் அது. சோவியத் ஒன்றியம் கலைந்து பல வருஷம் கழித்து அதை விரித்து வெளியிட்டபோது, தணிக்கை வெட்டியது, தணிக்கையாளரோடு நடந்த பேச்சு, தானே பயந்து நீக்கியது என்று தனித்தனியாகத் தலைப்பிட்டுச் சேர்த்துவிட்டார். எது எப்போது, யார் கையால் காணாமல் போனது என்று வாசகர் பக்கத்தைத் திருப்பியே பார்த்துக்கொள்ளலாம்.

கேள்விகள் இருந்தால் கேளுங்கள். ஃபின்லே கட்சிக்காரர்கள் முதலில் வரலாம்.