வரப்பில்லாத வயல்

நேயர்களுக்கு வணக்கம். நில அளவைத் துறையில் சங்கிலி இழுத்தே காலம் தள்ளியவன் நான். எந்த ஊரைப் பற்றிப் பேசச் சொன்னாலும் கடைசியில் எல்லைக்கல்லில்தான் போய் நிற்பேன். இங்கிலாந்துக் கிராமம் ஒன்றைப் பற்றிப் பேசுங்கள் என்று நிலையத்தார் கேட்டதும், யோசிக்காமல் லாக்ஸ்டன் என்று சொல்லிவிட்டேன்.

நாட்டிங்ஹாம்ஷயர் மாவட்டம். மேற்கே ராபின் ஹூட் கதையில் வருகிற ஷெர்வுட் காடு, கிழக்கே டிரென்ட் ஆறு. இரண்டுக்கும் நடுவில் லேசான மேட்டில் ஊர். சுற்றிலும் கெட்டியான களிமண். மழை பெய்தால் காலை விடாது, காய்ந்தால் கலப்பையை விடாது. லாக்ஸ்டனையும் பக்கத்தில் மோர்ஹவுஸ் என்கிற சிற்றூரையும் சேர்த்து ஒரே சிவில் பாரிஷ். சிவில் பாரிஷ் என்றால் அந்த நாட்டு நிர்வாகத்தின் ஆக அடிமட்டப் படி. முதலில் சர்ச்சின் எல்லையாக இருந்தது. 19ஆம் நூற்றாண்டில் மத விவகாரத்திலிருந்து பிரிந்தது. 1894ஆம் வருஷச் சட்டம் பாரிஷ் கவுன்சில்களைக் கொண்டுவந்தது. சட்ட விவரம் இவ்வளவு போதும், நாம் வயலுக்கு இறங்குவோம்.

ஊரைச் சுற்றி மூன்று பெரிய வயல்கள். மேற்கு வயல், தெற்கு வயல், மில் வயல். ஒவ்வொன்றும் கண்ணுக்கெட்டிய தூரம் போகும். உள்ளே வேலி கிடையாது, புதர் கிடையாது, நம் கண் தேடுகிற வரப்பு கிடையாது. ஆனால் நிலம் ஒருவருடையது இல்லை. பல குடியானவர்கள் ஆளுக்குச் சில நீளத் துண்டுகளாக உழுகிறார்கள். ஒருவருக்கே மூன்று வயலிலும் துண்டு இருக்கும். பாகப்பிரிவினையில் அண்ணன் தம்பிகள் நல்ல காட்டிலும் பாதி, மோசமான காட்டிலும் பாதி கேட்பார்கள் இல்லையா, அதே நியாயம்தான். நல்ல மண்ணும் எல்லாருக்கும், தண்ணீர் தேங்குகிற மண்ணும் எல்லாருக்கும். துண்டு ஏன் நீளம்? களிமண்ணில் எருதுகள் பூட்டிய கனத்த கலப்பையைத் திருப்புவது பெரும்பாடு. எவ்வளவு குறைவாகத் திருப்புகிறோமோ அவ்வளவு லாபம்.

ஒரு வயலில் குளிர்காலக் கோதுமை, அடுத்ததில் வசந்தத்தில் விதைக்கிற பயிர், மூன்றாவது ஓய்வு. மறுவருஷம் முறை மாறும். இதில் யாரும் தன்னிஷ்டத்துக்குப் போக முடியாது. பக்கத்துக்காரன் கோதுமை போட்டால் நானும் கோதுமைதான். அந்தக் காலத்தில் அறுவடை முடிந்ததும் ஊர் மாடு முழுவதும் அதே வயலில்தான் மேயும், நான் மட்டும் பயிரை விட்டுவைத்தால் மாட்டு வாய்க்குத்தான் போகும்.

ஒருகாலத்தில் இங்கிலாந்தின் நடுப்பகுதி முழுக்க இப்படித்தான் இருந்தது. பிறகு வேலியடைப்புச் சட்டங்கள் வந்தன. 1604 முதல் 1914 வரை 5,200க்கு மேற்பட்ட சட்டங்கள். சுமார் 68 லட்சம் ஏக்கர், அதாவது நாட்டின் நிலத்தில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல், பொதுமுறையிலிருந்து தனித்தனிச் சொத்தானது. லாக்ஸ்டன் எப்படித் தப்பியது? ஊரின் ஒற்றுமையால் என்று சொல்ல எனக்கும் ஆசைதான். உண்மை வேறு. நிலத்தில் பெரும்பங்கு மான்வர்ஸ் பிரபு வம்சத்துக்கு, இன்னொரு பங்கு ஸ்கார்பரோ பிரபு வம்சத்துக்கு. இரண்டு பெரிய மனிதர்களுக்கும் ஒத்துப்போகவில்லை. அப்புறம் விவசாயம் நொடித்த காலம் வந்தது, வேலி போடுகிற செலவுக்கு யாரும் துணியவில்லை. பிரபுக்களின் பிணக்கு ஊருக்கு லாபமாகிவிட்டது.

இப்போது என் பைத்தியத்துக்கு வருகிறேன். நவம்பர் கடைசியில் ஒரு வியாழக்கிழமை, ஜூரி நாள். ஊரில் 12 பேர் கொண்ட ஜூரி, அவர்களுக்கு ஒரு தலைவர். டிராக்டர் டிரெய்லரில் ஏறி, புதிதாகக் கோதுமை விதைத்த வயலுக்குப் போவார்கள். குளிர்காற்று, ரப்பர் பூட்ஸில் அரைக்கிலோ களிமண். ஒருவர் துண்டின் இந்த முனையில் நிற்பார், இன்னொருவர் அந்த முனையில். நடுவில் ஒருவர் கண்ணை இடுக்கிப் பார்ப்பார். "இன்னும் இந்தப் பக்கம், கொஞ்சம், போதும்!" என்று கை அசையும். முளைக்குச்சியை வைத்துச் சுத்தியலால் அடிப்பார்கள். அதுதான் எல்லை. பக்கத்துத் துண்டுக்குள் கலப்பை புகுந்திருக்கிறதா, வண்டிப்பாதையை யாராவது உழுது தின்றிருக்கிறார்களா என்று பார்ப்பார்கள். ஒரு சால் கூடியிருந்தாலும் கண்டுபிடித்துவிடுவார்கள், ஏனென்றால் பார்க்கிறவரும் அதே மண்ணை உழுகிறவர். நான் வேலை பார்த்த நாட்களில் கருவி கொண்டு அளந்து கொடுத்த எல்லை மறுவாரமே தகராறுக்கு வந்திருக்கிறது. அங்கே கண்ணால் பார்த்து அடித்த குச்சி நிற்கிறது. திரும்பவும் சொல்கிறேன், அளவு துல்லியமாக இருப்பதால் அது நிற்கவில்லை, வருஷா வருஷம் எல்லாரும் கூடிப் போய்ப் பார்ப்பதால் நிற்கிறது.

பிறகு டவ்காட் இன் என்கிற மதுக்கடையில் சாப்பாடு, யாருக்கு எவ்வளவு அபராதம் என்ற பேச்சு. அடுத்த வாரம் அதே கடையில் கோர்ட் லீட் கூடும். இது ஜமீன் காலத்து ஊர் நீதிமன்றம். அபராதம் சில பவுண்டுதான், ஆனால் ஊர் நடுவில் பெயரைப் படிப்பார்கள் அல்லவா, அது வலிக்கும். அடுத்த ஜூரிக்கும் அங்கேயே சத்தியப்பிரமாணம். வேடிக்கைக் கூட்டம் என்று நினைக்காதீர்கள். 1977இல் இப்படிப்பட்ட பழைய மன்றங்களின் சட்ட அதிகாரத்தைப் பாராளுமன்றம் பறித்தபோது, லாக்ஸ்டனுக்கு மட்டும் விலக்குக் கொடுத்தது.

வரைபடத்தைச் சொல்லாமல் போனால் என் தொழிலுக்குத் துரோகம். 1635இல் நிலச் சொந்தக்காரரான சர் வில்லியம் கோர்ட்டன் என்ற வணிகருக்காக மார்க் பியர்ஸ் என்ற சர்வேயர் வரைந்தது. இப்போது ஆக்ஸ்போர்டில் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. துண்டு துண்டாக வயலை வரைந்ததோடு மனிதர் விடவில்லை, உழுகிறவர்களையும் அறுக்கிறவர்களையும் வேட்டையையும் சின்னச் சின்னதாகப் போட்டிருக்கிறார். நான் ஒரு புலப்படத்தில் ஒரே ஒரு மாடு வரைந்திருந்தால் மேலதிகாரி சீட்டைக் கிழித்திருப்பார்!

ஓடைக்கரையிலும் சரிவிலும் உழ முடியாத புல்தரைகள் உண்டு. அவற்றுக்கு சைக் என்று பெயர். அந்தப் புல்லை வருஷாவருஷம் ஏலம் விடுகிறார்கள். உரமோ கலப்பையோ படாததால் காட்டுப்பூக்கள் தப்பியிருக்கின்றன.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருப்பவர் இரண்டு விரல் காட்டுகிறார், வேகமாகச் சொல்கிறேன். ஊருக்கு வடக்கே நார்மன் காலக் கோட்டை, இன்று மண்மேடுதான். 1086 கணக்கெடுப்பிலேயே ஊர் பெயர் வருகிறது. 1952இல் மான்வர்ஸ் குடும்பம் நிலத்தை விவசாய அமைச்சகத்துக்கு விற்றது. 1981இல் அரச சொத்து நிர்வாகத்துக்குப் போனது. 2020இல் அவர்கள் அதைத் தோர்ஸ்பி எஸ்டேட்டுக்கு விற்றார்கள், அது அந்தப் பழைய மான்வர்ஸ் குடும்பத்து எஸ்டேட்டேதான். போகிறவர்கள் மூன்று வயலிலும் பாதை விட்டு இறங்காமல் நடக்கலாம். மோர்ஹவுஸுக்கு நேரமே இல்லாமல் போய்விட்டது, அந்த ஊர்க்காரர்கள் மன்னிக்க வேண்டும். வணக்கம்.