எழும்பூர் கிர்க்: உறைக்கிணறு மேல நிக்கிற சர்ச்

[மேல இருந்து ட்ரோன் ஷாட், பூந்தமல்லி ஹை ரோடு]

வணக்கம் மக்களே! எழும்பூர் ஸ்டேஷனுக்கும் பூந்தமல்லி ஹை ரோடுக்கும் நடுவுல, மரங்களுக்கு மேல ஒரு வெள்ளைக் கோபுரம் தெரியும் பாருங்க, சுமார் 166 அடி உயரம். செயின்ட் ஆண்ட்ரூஸ் சர்ச், சென்னைக்காரங்க நிறைய பேருக்கு 'கிர்க்'னு சொன்னாதான் தெரியும், ஸ்காட்லாந்து பேச்சுல சர்ச்சுன்னு அர்த்தம். இவ்ளோ பெரிய கட்டடத்தைத் தாங்கி நிக்கிறது என்னன்னு பாத்தா, நம்ம ஊரு கிணறுங்க!

மொதல்ல இது யாருக்காக வந்துச்சுன்னு வேகமா பாத்துடலாம். கிழக்கிந்தியக் கம்பெனி காலத்துல மெட்ராஸ்ல ஸ்காட்லாந்துக்காரங்க நிறைய இருந்தாங்க, பட்டாளத்துலயும் வியாபாரத்துலயும். அவங்க திருச்சபை வேற, இங்கிலாந்து திருச்சபை வேற. 1813-ல பிரிட்டிஷ் பார்லிமென்ட் கம்பெனிக்குப் புதுப்பிச்சுக் குடுத்த சாசனத்துக்கு அப்புறம் கல்கத்தா, பம்பாய், மெட்ராஸ் மூணு ஊருலயும் அவங்களுக்குன்னு ஒரு சர்ச் வருது, மூணுக்குமே பேரு செயின்ட் ஆண்ட்ரூஸ்தான்.

மெட்ராஸ் வேலை மேஜர் தாமஸ் டி ஹாவிலண்ட் கைக்கு வருது. ராணுவ இன்ஜினியர், செங்கல்லையே நம்புன மனுஷன். ஸ்ரீரங்கப்பட்டணத்துல நடுவுல ஒரு தூணும் இல்லாம நூறு அடிக்கும் மேல அகலமா ஒரு செங்கல் வளைவு கட்டிக் காமிச்சாரு, அது நூறு வருஷத்துக்கும் மேல நின்னு 1930கள்லதான் விழுந்துச்சு.

1818 ஏப்ரல்ல அடிக்கல் போடுறாங்க. பிரச்சனையே அங்கதான். பக்கத்துலயே கூவம், வெள்ளம் வந்தா தண்ணி ஏறுற இடம், தோண்டுனா ஈர மணல், சாதாரணமா வாணம் தோண்டினீங்கன்னா தோண்டத் தோண்ட ரெண்டு பக்கமும் சரிஞ்சு உள்ள விழுந்துட்டே இருக்கும், அதுல எப்படி கோபுரம் கட்டுறது?

[கிராஃபிக்ஸ்: உறை மண்ணுக்குள்ள இறங்குறது]

இதுக்கு விடை இந்த மண்ணுலயே இருந்துச்சு. உறைக்கிணறு! கீழடியில வரிசையா எடுத்தாங்களே சுடுமண் உறை, பெரிய வளையம் மாதிரி, அதே வேலைதான். உறையைத் தரையில வெச்சு, ஒரு ஆள் உள்ள இறங்கி அடியில இருக்கிற மணலை அள்ளி மேல அனுப்புவாரு, மணல் போகப் போக உறை தன் கனத்துலயே கீழ இறங்கும், அது மேல இன்னொரு உறை, அப்புறம் இன்னொண்ணு, இப்படியே கெட்டி மண்ணு வர்ற வரைக்கும். பக்கம் சரியாது, ஏன்னா உறையே சுவரா நின்னு மணலைப் புடிச்சிக்குது. பழக்கம் இல்லாதவன் செஞ்சா கிணறு சாஞ்சுடும், கை அனுபவம் வேணும். டி ஹாவிலண்ட் இந்த மாதிரி சுமார் 150 கிணறு இறக்க வெச்சாரு, அது மேலதான் மொத்த சர்ச்சும் உக்காந்திருக்கு. கோபுரத்தைப் பத்தி பேசுற எல்லாரும் அவரு பேரைச் சொல்றாங்க, சொல்லணும்தான், ஆனா அந்த ஈர மணலுக்குள்ள இறங்கி அள்ளுன நம்ம ஊரு ஆளுங்களையும் சேத்துதான் சொல்லணும், என்னைப் பொறுத்தவரை கட்டடத்துல பாதி அவங்களோடது.

மேல வாங்க. முகப்பைப் பாத்தா லண்டன் செயின்ட் மார்ட்டின்ஸ் சர்ச் சாயல் இருக்கும். அதை டிசைன் பண்ண ஜேம்ஸ் கிப்ஸ் மொதல்ல வட்டமா ஒரு பிளான் போட்டிருந்தாரு, லண்டன்ல அது நடக்கல. அந்த வட்ட வடிவம் கட்டடமா நிக்கிறது நம்ம எழும்பூர்ல!

[உள்ளே, மேல பாக்குற ஷாட்]

உள்ள போனா நடுவுல வட்டமான கூடம், சுத்தி 16 தூணு, அது மேல ஐம்பது அடிக்கு மேல அகலமான குவிமாடம், உள்பக்கம் முழுக்க நீலம். தூணைப் பாத்தா சலவைக்கல்லுன்னு நெனைப்பீங்க. இல்லைங்க, மெட்ராஸ் சுண்ணாம்பு, கிளிஞ்சல் சுட்டு அரைச்சு பூசித் தேச்சுத் தேச்சு பளபளப்பாக்குனது. கூரைக்கு மர உத்தரமும் கெடையாது, கரையான் பயம், அதனால எல்லாமே செங்கல்லும் சுண்ணாம்பும்தான்.

1821 பிப்ரவரில சர்ச் திறந்தாச்சு. 1835-ல இங்க இருந்த ரெண்டு குருமாருங்க, லாரியும் போவியும், இந்த வளாகத்துலயே ஒரு சின்ன பள்ளிக்கூடம் ஆரம்பிச்சாங்க. அதுல இருந்து வளந்து வந்ததுதான் இன்னிக்கு தாம்பரத்துல இருக்கிற மெட்ராஸ் கிறிஸ்டியன் காலேஜ். எம்.சி.சி.ல படிச்சவங்க யாராவது பாத்துட்டு இருந்தா, உங்க காலேஜ் கதை தொடங்குன இடம் இதுதாங்க, ஒரு தடவை நேர்ல போய்ப் பாருங்க.