மாறுதல் ஆணையின் கடைசிப் பத்தி

நேயர்களுக்கு வணக்கம். துறை விட்டுத் துறை மாறும் அரசு ஊழியர்களின் பணிமூப்பு, அதாவது பதவி உயர்வுக்கான வரிசையில் அவர்களுக்குள்ள இடம், தொடர்பான தகராறுகளைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். மத்திய அரசு ஊழியர்களை மனத்தில் வைத்தே பேசுகிறேன். மாநில விதிகள் தனி.

மாறுதல் ஆணை கைக்கு வந்ததும் எல்லோரும் முதலில் தேடுவது ஊர்ப் பெயரை. வில்லங்கம் இருப்பது கடைசிப் பத்தியில். 'சொந்த வேண்டுகோளின் பேரில். புதிய அலகில் கடைநிலைப் பணிமூப்பு. பயணப்படி கிடையாது' என்று அங்கே இருக்கும். அலகு என்றால் ஒரே பணிமூப்புப் பட்டியலுக்குள் வரும் அலுவலகங்கள். இதற்குச் சம்மதம் என்று முன்பே எழுதி வாங்கியும் இருப்பார்கள்.

பத்து வருட சர்வீஸ் உள்ளவர், போன மாதம் சேர்ந்தவருக்குக் கீழே நிற்க வேண்டும். கசக்கத்தான் செய்யும். ஆனால் அந்த அலகில் பதவி உயர்வுக்குக் காத்திருப்பவர்கள் இவரை அழைக்கவில்லையே! இவருடைய குடும்பத் தேவைக்காக அவர்கள் ஏன் ஓர் இடம் பின்னால் போக வேண்டும்? நீதிமன்றங்கள் இந்த நிபந்தனையைத் தொடர்ந்து ஏற்றுவருவது இதனால்தான்.

இங்கே அலுவலகங்களே குழம்புகிற இடம் ஒன்று உண்டு. இழப்பது வரிசையில் உள்ள இடத்தை மட்டும்தான், சர்வீஸை அல்ல. மத்திய கலால் துறையில் விருப்ப மாறுதலில் போன ஓர் எழுத்தருக்கு ஆய்வாளர் பதவி உயர்வு கொடுத்து, பிறகு பறித்தார்கள். பழைய அலகில் செய்த சர்வீஸைத் தகுதிக்குச் சேர்க்க முடியாது என்பது காரணம். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. ஆய்வாளர் பதவி உயர்வுக்கு எழுத்தராக இத்தனை ஆண்டு சர்வீஸ் வேண்டும் என்று விதி கேட்டால், பழைய சர்வீஸும் அதில் சேரும். பெயர் பட்டியலின் அடியில் இருப்பது வேறு விஷயம்.

நிர்வாக நலன் கருதிய மாறுதலில் பொதுவாகப் பணிமூப்பு கூடவே வரும். அதனால்தான் செல்வாக்குள்ளவர்களின் விருப்ப மாறுதல்கூடச் சில சமயம் 'நிர்வாக நலன்' என்று உடை மாற்றிக்கொண்டு வருகிறது. பிறகு வழக்கு வராமல் என்ன செய்யும்?

சொந்தத் துறையின் ஊழியராகவே சில காலம் வேறு துறையில் வேலை பார்ப்பது அயற்பணி. அப்படிப் போய் அங்கேயே நிரந்தரமாக ஈர்த்துக்கொள்ளப்பட்டவர்கள் கதை வேறு. எல்லைப் பாதுகாப்புப் படையிலிருந்து தில்லிக் காவல்துறைக்குப் போன உதவி ஆய்வாளர்களுக்கு, ஈர்த்துக்கொண்ட தேதியிலிருந்துதான் பணிமூப்பு என்றார்கள். மத்திய அரசின் 1986ஆம் ஆண்டு அலுவலகக் குறிப்பாணை அயற்பணி தொடங்கிய தேதி, தாய்த்துறையில் சம பதவிக்கு முறைப்படி வந்த தேதி என இரண்டைச் சொல்லி, எது பிந்தியதோ அதையே எடுக்கச் சொன்னது. 1999 டிசம்பர் 14 அன்று வந்த தீர்ப்பில், சம பதவியில் செய்த பழைய சர்வீஸை இப்படித் துடைத்தெறிய முடியாது என்றது உச்ச நீதிமன்றம். 2001 மார்ச்சில் 'எது முந்தியதோ' என்று குறிப்பாணையைத் திருத்தி, தீர்ப்பு நாள் முதல் அமலாக்கினார்கள்.

உபரி ஊழியர்கள் நிலைதான் எனக்கு ஒப்பவில்லை. பதவியையே அரசு ஒழித்துவிட்டு வேறு துறைக்கு அனுப்புகிறது. அவர்கள் எதையும் கேட்கவில்லை. ஆனாலும் புதிய இடத்தில் பழைய சர்வீஸ் பணிமூப்புக்குச் சேராது என்பதே விதி. 1998இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது.

சரி, பாதிக்கப்பட்டவர் என்ன செய்வது? தற்காலிகப் பணிமூப்புப் பட்டியல் சுற்றுக்கு வரும்போது கையெழுத்துப் போட்டுத் திருப்பி அனுப்பிவிடாதீர்கள். பிறந்த தேதி, சேர்ந்த தேதி, ஈர்த்துக்கொண்ட தேதி எல்லாவற்றையும் பணிப்பதிவேட்டோடு ஒப்பிடுங்கள். ஆட்சேபம் இருந்தால் கெடு முடிவதற்குள் எழுத்தில் கொடுத்து, நகலில் முத்திரை வாங்குங்கள். மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக, இறுதி உத்தரவு வந்த நாளிலிருந்து ஓராண்டுதான் அவகாசம். மனுவுக்குப் பதிலே வராவிட்டால், ஆறு மாதம் காத்திருந்து அதன்பின் ஓராண்டுக்குள் போகலாம். நினைவூட்டல் மேல் நினைவூட்டல் அனுப்பிக்கொண்டிருந்தால் இந்தக் கெடு நீளாது. 1989லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.