பீரோவில் கிடக்கும் கேசட்டை எடுத்து வாருங்கள்

(காரைக்குடியில் வாசகர்கள் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

அவைத் தலைவர் ஐயா அவர்களே, நகராட்சி உறுப்பினர் அம்மா அவர்களே, மண்டபத்தை வாடகை வாங்காமல் தந்துதவிய ஊர்ப் பெரியவர்களே, காலையிலிருந்து வெயிலில் நின்று மைக்செட் கட்டிய தம்பிகளே, தாய்மார்களே, வணக்கம். சால்வைக்குப் பதிலாகப் புத்தகம் தந்த நூலகர் ஐயாவுக்குத் தனி நன்றி. இந்த வழக்கம் ஊரெங்கும் பரவ வேண்டும்.

இரண்டு செய்திகள் சொல்ல வந்தேன். ஒன்று, பழைய படச்சுருளில் உயிரோடு இருக்கும் மனிதர்கள். இரண்டு, நம் வீட்டு பீரோ.

பக்கத்துக் கோட்டையூர்க்காரர் ஏ.கே. செட்டியார். 1937 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாள். நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகிற கப்பலில் அவருக்கு ஒரு நினைப்பு வந்தது: காந்தியைப் பற்றி முழுப்படம் எடுக்க வேண்டும். வேஷம் போட்டு எடுப்பதல்ல. யார் யாரோ எடுத்துப் போட்டிருந்த சுருள்களைத் தேடி நாடு நாடாக அலைந்தார். ஏறக்குறைய 100 படப்பிடிப்பாளர்கள் 30 ஆண்டுகளில் எடுத்த 50,000 அடி சேர்ந்தது. 1940 ஆகஸ்டில் படம் தமிழில் வெளிவந்தது. அந்த உழைப்பே பிறகு பல்லாண்டுகள் காணாமல் போனது! தமிழின் முதல் பேசும் படம் 'காளிதாஸ்', 1931. டி.பி. ராஜலட்சுமி நடித்தது. ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம்!

என் வீட்டுக் கதையைச் சொல்கிறேன். 1989-ல் எங்கள் சித்தப்பா கல்யாணம். வீடியோக்காரர் பெரிய விளக்கோடு வந்தார். பந்தல் வாசலில் அப்பத்தா சந்தனக் கிண்ணத்தோடு நிற்கிறாள். கேமரா திரும்பியதும் முந்தானையால் கண்ணை மறைத்துக்கொண்டு, "அந்த வெளக்க அமத்துப்பா, வந்தவுகள பாக்கணும்ல" என்கிறாள். அவ்வளவுதான், அரை நிமிடம். 1994-ல் அப்பத்தா போய்விட்டாள். அவள் குரல் வேறெங்கும் இல்லை. கேசட்டை இருபது வருஷம் யாரும் தொடவில்லை. எடுத்துப் பார்த்தால் டேப் ஓரமெல்லாம் வெள்ளைப் பூஞ்சை. ஒரு கடையில் கொடுத்தோம். அப்படியே டெக்கில் போட்டு ஓட்டிவிட்டார்கள், தாலி கட்டுகிற இடம் கசங்கி அறுந்தது. வாசல் காட்சி தப்பியது. அன்றைக்கு என் அப்பா டிவி முன்னால் தரையில் உட்கார்ந்து, அந்த அரை நிமிடத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டச் சொன்னார். நாங்கள் யாரும் பேசவில்லை.

பெரியோர்களே, கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் வேண்டாம். தமிழ்நாட்டில் மாவட்டத்துக்கு ஒரு படக் காப்பகம் அரசு அமைக்க வேண்டும் என்று எழுதியும் பேசியும் வருகிறேன். மனுவில் கையெழுத்துப் போட்டு உதவுங்கள். அதற்குள் பீரோவைத் திறந்து கேசட்டை எடுங்கள். பூஞ்சை தெரிந்தால் ஓட்டாதீர்கள், முதலில் சுத்தம் செய்ய வேண்டும். கணினியில் ஏற்றியதும் வீட்டுப் பெரியவரைப் பக்கத்தில் உட்காரவைத்து, ஒவ்வொரு முகத்துக்கும் பெயர் கேட்டு நோட்டில் எழுதுங்கள்.

நாங்கள் அதைச் செய்யத் தவறினோம். அப்பத்தா பக்கத்தில் பச்சைப் பாவாடை கட்டிய சிறுமி ஒருத்தி கற்கண்டுத் தட்டோடு நிற்கிறாள். சொல்லத் தெரிந்தவர்கள் இப்போது வீட்டில் இல்லை. 1989-ல் அந்தப் பந்தலில் நின்ற பிள்ளை இந்தக் கூட்டத்தில் இருந்தால், அம்மா, கூட்டம் முடிந்ததும் மேடைப் பக்கம் வாருங்கள். உங்கள் படம் என்னிடம் இருக்கிறது.