சி. ஆர். ராவ்: ஒரு மாணவர் கேட்ட கேள்வி

எல்லோருக்கும் வணக்கம்.

சி. ஆர். ராவ் என்று புள்ளியியல் உலகம் அழைக்கும் ராதாகிருஷ்ண ராவ் 1920 செப்டம்பர் 10 அன்று பிறந்தார். 2023 ஆகஸ்டில் அமெரிக்காவின் பஃபலோ நகரில் மறைந்தபோது வயது 102. நூறு வயதைத் தாண்டினார் என்பதற்காக நான் அவரைப் பற்றிப் பேச வரவில்லை. அவருடைய மிகப் பெரிய கண்டுபிடிப்பு ஒரு வகுப்பறையில், ஒரு மாணவர் கேட்ட கேள்வியில் தொடங்கியது. அதைச் சொல்லத்தான் வந்தேன்.

அவர் பிறந்த ஹடகலி அன்று சென்னை மாகாணத்தில் இருந்தது. இன்று கர்நாடகத்தில் இருக்கிறது. தெலுங்குக் குடும்பம், அப்பா போலீஸ் இன்ஸ்பெக்டர். வீட்டில் எட்டாவது பிள்ளை. கிருஷ்ணரும் எட்டாவது பிள்ளை என்பதால் ராதாகிருஷ்ணன் என்று பெயர் வைத்தார்கள். ஆந்திரப் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்து முடித்துவிட்டு, ராணுவத்தில் ஒரு வேலை கிடைக்குமா என்று பார்க்கக் கல்கத்தா போனார். அந்த வேலை கிடைக்கவில்லை. தங்கிய இடத்தில் பழக்கமான ஒருவர் மூலம் புள்ளியியல் அறிஞர் மஹலனோபிஸ் நடத்திய இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தைப் பற்றித் தெரியவந்தது. 1941 தொடக்கத்தில் அங்கே சேர்ந்தார். அப்புறம் நாற்பது ஆண்டுகளுக்குக் கொஞ்சம் குறைய அதுவே அவருடைய இடம்.

சரி, அந்தக் கேள்விக்கு வருவோம். கல்கத்தா பல்கலைக்கழகத்தில் முதுகலை மாணவர்களுக்குப் பாடம் நடத்திக்கொண்டிருந்தார். ஒரு கூட்டத்தைப் பற்றி அறிய அதிலிருந்து சிலரை மட்டும் எடுத்து அளப்பதுதான் மாதிரி. அதன் அளவு மிகப் பெரிதாகும்போது மதிப்பீட்டின் துல்லியம் எப்படி இருக்கும் என்ற, இங்கிலாந்துப் புள்ளியியல் அறிஞர் ஃபிஷரின் முடிவை விளக்கினார். அப்போது வி. எம். தண்டேகர் என்ற மாணவர் எழுந்து, “சிறிய மாதிரிக்கும் இது பொருந்துமா?” என்று கேட்டார். இதே தண்டேகர்தான் பின்னாளில் இந்தியாவின் வறுமையை ஆராய்ந்த பொருளாதார அறிஞராகப் புகழ்பெற்றார். ராவிடம் அப்போது பதில் இல்லை. அன்றிரவு உட்கார்ந்து போட்டுப் பார்த்து, மறுநாள் பதிலோடு வந்தார்.

பதில் என்ன? மாதிரி சிறியதானாலும் பெரியதானாலும் துல்லியத்துக்கு ஒரு எல்லை உண்டு என்பதுதான். ஒரு ஊரின் ஆண்களின் சராசரி உயரம் தெரிய வேண்டும். உயரங்கள் இயல்நிலைப் பரவலில், அதாவது சராசரியைச் சுற்றி மணி வடிவில் குவிந்து இருக்கின்றன, சராசரியிலிருந்து எவ்வளவு சிதறியிருக்கின்றன என்பதைச் சொல்லும் திட்டவிலக்கம் 6 செ.மீ. என்று வைத்துக்கொள்வோம். 100 பேரை அளக்கிறோம். 6இன் வர்க்கமான 36ஐ 100ஆல் வகுத்தால் 0.36, அதன் வர்க்கமூலம் 0.6. ஒருபக்கம் சாயாத எந்த முறையில் கணக்கிட்டாலும், எவ்வளவு கெட்டிக்காரர் கணக்கிட்டாலும், மதிப்பீட்டின் தடுமாற்றம் இந்த 0.6 செ.மீ.க்குக் கீழே இறங்காது. இன்னும் துல்லியம் வேண்டுமா? இன்னும் ஆட்களை அளந்தே ஆக வேண்டும், வேறு வழியே கிடையாது. ஸ்வீடனில் கிராமர் என்ற கணித அறிஞர் தனியாக இதையே கண்டுபிடித்ததால் இருவர் பெயரும் சேர்ந்து ‘கிராமர்-ராவ் வரம்பு’ ஆயிற்று. 1945இல் இது கட்டுரையாக வந்தபோது ராவுக்கு 25 வயதுதான் இருக்கும். இருக்கும் மதிப்பீட்டை மேம்படுத்தும் ராவ்-பிளாக்வெல் தேற்றமும், பரவல்களை வடிவியலாகப் பார்க்கும் எண்ணமும் அதே கட்டுரையில் இருந்தன. ஒரே கட்டுரைக்குள் இவ்வளவா என்று எனக்கு இன்றும் வியப்புதான்.

அடுத்து கேம்பிரிட்ஜ். சூடானின் ஜெபல் மோயாவில் தோண்டியெடுத்த பழைய எலும்புக்கூடுகளின் அளவுகளைப் பகுத்துத் தரத்தான் அவரை அங்கே அழைத்தார்கள். அதைச் செய்துகொண்டே ஃபிஷரிடம் முனைவர் பட்டமும் முடித்தார்.

ராவ் பின்னாளில் எழுதிவைத்த ஒரு சம்பவம் எனக்கு மிகவும் பிடிக்கும். 1947 பிரிவினைக் கலவரத்தின்போது டெல்லி செங்கோட்டைக்குள் அகதிகள் தஞ்சம் புகுந்திருந்தார்கள். சாப்பாடு போட்ட ஒப்பந்தக்காரர் அரசுக்குப் பெரிய பில் நீட்டினார். உள்ளே எத்தனை பேர்? போய் எண்ண முடியாது. புள்ளியியலாளர் சென்குப்தா அந்த பில்லையே கையில் எடுத்தார். அரிசி, பருப்பு, உப்பு ஒவ்வொன்றையும் தலைக்கு இவ்வளவு என்று வகுத்தார். அரிசிக் கணக்கில் ஆட்கள் மிக அதிகம், உப்புக் கணக்கில் மிகக் குறைவு. விலை உயர்ந்த அரிசியைக் கூட்டி எழுதினால் லாபம். மலிவான உப்பைக் கூட்டி எழுதி யாருக்கு என்ன லாபம்? ஆகவே உப்பை நம்பினார். சூத்திரம் அல்ல, இந்த யோசனைதான் புள்ளியியல் என்று ராவ் கருதினார்.

1979 வாக்கில் அமெரிக்கா போனார். பிட்ஸ்பர்க், பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகம், பஃபலோ என்று ஆய்வு தொடர்ந்தது. பத்ம விபூஷண், அமெரிக்காவின் தேசிய அறிவியல் பதக்கம், 2023இல் சர்வதேசப் புள்ளியியல் பரிசு என்று விருதுகளும் வந்தன.

எனக்கு அவற்றைவிட அவருடைய மாணவர்கள் முக்கியம். சென்னையிலிருந்து ஒரு இளைஞர் தொழிற்சாலைத் தரக் கட்டுப்பாட்டுக்கான புள்ளியியல் படிக்க கல்கத்தா போனார். அங்கே கே. ஆர். பார்த்தசாரதி போன்ற நண்பர்களோடு சேர்ந்து நிகழ்தகவுக் கோட்பாட்டில் இறங்கிவிட்டார். ராவின் வழிகாட்டலிலேயே 1963இல் முனைவர் பட்டம் பெற்றார். அவர்தான் எஸ். ஆர். ஸ்ரீநிவாச வரதன். 2007இல் வரதனுக்குக் கணிதத்தின் மிக உயர்ந்த பரிசுகளில் ஒன்றான ஏபெல் பரிசு அறிவிக்கப்பட்டபோது ராவுக்கு வயது 86.