"அவங்களைப் பத்தி எங்களுக்குத் தெரியும்"

(சமூகப்பணி மாணவர்கள், செவிலியர்கள், தொண்டு நிறுவன ஊழியர்கள் கூடிய சென்னை நிகழ்வு ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அனைவருக்கும் வணக்கம்.

வேலை முடிந்த கையோடு, எழும்பூர் நெரிசலையும் தாண்டி இத்தனை பேர் வந்திருக்கிறீர்கள். மகிழ்ச்சி. முன்வரிசையில் செவிலியர் மாணவிகள், நடுவில் சமூகப்பணி படிக்கிறவர்கள், பின்னால் தொண்டு நிறுவனத்தார் என்று சொன்னார்கள். உங்கள் எல்லோருக்கும் பொதுவாக ஒன்று உண்டு. நீங்கள் மேசைக்கு இந்தப் பக்கம் உட்காருகிறவர்கள், அல்லது சீக்கிரமே உட்காரப் போகிறவர்கள். அந்தப் பக்கம் ஒருவர் கையில் ஓ.பி. சீட்டோடோ மனுவோடோ நிற்பார். அவரிடம் நாம் எப்படி நடந்துகொள்கிறோம் என்பதுதான் இன்றைய பேச்சு.

இதற்குப் பண்பாட்டுப் பணிவு என்று ஒரு பெயர் உண்டு. அடுத்தவரின் வாழ்க்கை எனக்குத் தெரியும் என்று நினைக்காமல், அவரிடமே கேட்டுத் தெரிந்துகொள்வது. இந்தக் கருத்தை மருத்துவக் கல்விக்குள் கொண்டுவந்தவர்கள் மெலனி டெர்வலான், ஜேன் மர்ரே கார்சியா என்ற இரண்டு பெண் மருத்துவர்கள். அமெரிக்காவின் ஓக்லண்ட் நகரில் பயிற்சி மருத்துவர்களோடு வேலை செய்தவர்கள். 1998இல் அவர்கள் எழுதிய கட்டுரையில் ஒரு சம்பவம் வருகிறது. அறுவை சிகிச்சை முடிந்து சில மணி நேரமே ஆன ஒரு லத்தீன் அமெரிக்கப் பெண் படுக்கையில் முனகிக்கொண்டிருக்கிறார். அந்தப் பக்கம் வந்த ஒரு மருத்துவர், அவரும் லத்தீன் அமெரிக்கர்தான், "இவருக்கு வலி அதிகமாக இருக்கிறதே" என்று செவிலியரிடம் சொல்கிறார். செவிலியர் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பல்வேறு பண்பாட்டு மக்களுக்கு மருத்துவம் பார்ப்பது பற்றிய பாடத்தைத் தான் படித்திருப்பதாகவும், இந்த மக்கள் வலியைக் கூட்டித்தான் காட்டுவார்கள் என்பது தனக்குத் தெரியும் என்றும் சொல்லிவிடுகிறார்.

கவனியுங்கள். அந்தச் செவிலியர் கல் நெஞ்சக்காரர் இல்லை. அவரே கறுப்பினப் பெண். அக்கறையோடு பாடம் படித்தவர். அந்தப் பாடமே அவர் காதை அடைத்துவிட்டது. ஒரு சமூகத்தைப் பற்றித் தெரிந்துகொண்டது, எதிரில் படுத்திருக்கும் ஒரு பெண்ணின் முனகலைவிடப் பெரிதாகிவிட்டது. அதனால்தான் அந்த இரண்டு மருத்துவர்களும், பிற பண்பாடுகளில் தேர்ச்சி பெற்றுவிட்டேன் என்று சொல்வதையே விட்டுவிடச் சொன்னார்கள். வாழ்நாள் முழுக்க உன்னையே கேள்வி கேட்டுக்கொள், உனக்கும் எதிரில் இருப்பவருக்கும் நடுவில் உள்ள அதிகார ஏற்றத்தாழ்வைச் சரிசெய், நீ வேலை செய்யும் நிறுவனமும் இதற்குப் பொறுப்பேற்க வேண்டும் என்றார்கள்.

சரி, இது அமெரிக்கக் கதை. நம் ஊருக்கு வருவோம். நம்மிடம் இப்படிப் பாடமே எடுப்பதில்லை. ஆனால் பாடம் எல்லோருக்கும் மனப்பாடம். "நார்த் மெட்ராஸ் ஆளுங்க அப்படித்தான்." "கடற்கரைக் குப்பத்துல எல்லாம் குடிதான்." "நரிக்குறவங்களுக்கு எவ்ளோ சொன்னாலும் ஏறாது." மருத்துவமனையிலும் பள்ளியிலும் வங்கியிலும் இதைக் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறோம். சொல்கிறவர்கள் பெரும்பாலும் அனுபவசாலிகள். அதுதான் ஆபத்து. புதிதாக வேலைக்குச் சேர்ந்த பிள்ளைகள் அதை அனுபவ அறிவு என்று நம்பி எடுத்துக்கொள்கிறார்கள்.

வடசென்னையில் ஒரு மருத்துவமனை. பெயர் வேண்டாம். சர்க்கரை நோய்ப் பிரிவுக்கு மீன் விற்கும் ஓர் அம்மா வருவார். ரத்தத்தில் சர்க்கரை எப்போது பார்த்தாலும் ஏறியே இருக்கும். அவருடைய நோட்டில் சிவப்பு மையில் எழுதியிருந்தது: "ஊசி போட்டுக்கொள்வதில்லை. சொன்னதைக் கேட்பதில்லை." வருகிற மருத்துவர் எல்லாம் முதலில் அந்த வரியைத்தான் படிப்பார்கள். அப்புறம் திட்டு விழும். அந்த அம்மாவும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டுப் போவார்.

அங்கே புதிதாகச் சேர்ந்த சமூகப்பணியாளர், சின்னப் பெண், ஒருநாள் அவரை உட்காரவைத்து, "அக்கா, காலைல எழுந்ததுலேருந்து உங்க நாள் எப்படிப் போகும், சொல்லுங்க" என்று மட்டும் கேட்டார். விடியுமுன்னே எழுந்து காசிமேடு. ஏலத்தில் மீன் எடுத்து, ஐஸ் போட்டு, ஷேர் ஆட்டோவில் கூடையோடு பெரம்பூர் பக்கம். விற்று முடிய மதியம் ஆகிவிடும். அதுவரை ஒரு டீ. "ஊசி போட்டுக்கினு கூடையத் தூக்கினா கண்ணு இருட்டிக்கினு வருதும்மா. ரோட்ல வுழுந்தா மீனும் போச்சு, நானும் போனேன். அதான் போட்டுக்கிறதில்ல. இதயெல்லாம் யாரு கேட்டீங்க?"

இன்சுலின் போட்டுக்கொண்டு சாப்பிடாமல் சுமை தூக்கினால் சர்க்கரை சட்டென்று இறங்கும்; மயக்கம் வரும்; உயிருக்கே ஆபத்து. மருத்துவப் புத்தகத்தில் உள்ளதை அந்த அம்மா தன் உடம்பிலிருந்தே தெரிந்துவைத்திருந்தார். ஊசியைத் தவிர்த்தது பிடிவாதம் இல்லை, தற்காப்பு. விஷயம் மருத்துவருக்குப் போனது. அவர் ஊசியின் வகையையும் நேரத்தையும் அந்த அம்மாவின் சாப்பாட்டு நேரத்துக்கு ஏற்றபடி மாற்றிக்கொடுத்தார். நோட்டில் இருந்த சிவப்பு வரியையும் அடிக்கச் சொன்னார். அந்த இரண்டாவது காரியம் எனக்கு முதலாவதைப் போலவே முக்கியமாகப் படுகிறது. நாம் எழுதிவைக்கும் ஒரு வரி, அந்த மனிதருக்கு முன்னாலேயே அடுத்த அறைக்குப் போய்ச் சேர்ந்துவிடுகிறது.

இங்கே கனிவாகப் பேசியதோடு வேலை முடிந்துவிடவில்லை என்பதையும் பாருங்கள். "அக்கா" என்று அன்பாகக் கூப்பிட்டு அதே ஊசியை அதே நேரத்துக்குப் போடச் சொல்லியிருந்தால் ஒரு பயனும் இருந்திருக்காது. கேட்ட பதிலுக்காக ஏற்பாட்டை மாற்றினார்கள்.

இப்படி மாற்றியதில் சென்னைக்குப் பெரிய வரலாறே இருக்கிறது. காசநோய் வந்தால் சானடோரியத்தில், அதாவது நோயாளிகள் தங்கிச் சிகிச்சை பெறும் மருத்துவமனையில், படுத்தே தீரவேண்டும், நல்ல காற்று, ஓய்வு, சத்தான சாப்பாடு இல்லாமல் குணமாகாது என்று உலகம் நம்பிய காலம். ஏழைகளின் நெருக்கடியான வீட்டில், அரைவயிற்றுச் சாப்பாட்டில் வைத்தியம் நடக்காது என்பது நிபுணர்களின் தீர்ப்பு. 1956இல் சேத்துப்பட்டில் தொடங்கிய காசநோய் ஆய்வு மையம் இந்தத் தீர்ப்பைச் சோதித்துப் பார்த்தது. 193 நோயாளிகள். ஒரு பகுதியினருக்குத் தாம்பரம் சானடோரியத்தில் சிகிச்சை, மற்றவர்களுக்கு அவரவர் வீட்டிலேயே. இரு தரப்புக்கும் ஒரே மருந்து. 1959இல் முடிவு வந்தது. வீட்டில் இருந்தவர்களும் ஏறக்குறைய அதே அளவு குணமாகியிருந்தார்கள். வீட்டில் கூட இருந்தவர்களுக்கு நோய் தொற்றும் அபாயமும் அதனால் கூடவில்லை. அதற்குப் பிறகு உலகம் முழுக்கச் சானடோரியங்களின் காலம் முடியத் தொடங்கியது. ஏழையின் வீடு வைத்தியத்துக்குத் தகுதியில்லாத இடம் என்ற எண்ணத்தை உடைத்தது இந்த ஊர்.

ஆனால் இதே ஆய்வில்தான், நோயாளியின் வீட்டுக்குத் திடீரென்று போய் மாத்திரையை எண்ணிப் பார்க்கும் வழக்கமும் இருந்தது. சிறுநீரைச் சோதித்து, மருந்து உள்ளே போயிருக்கிறதா என்று பார்த்தார்கள். ஆய்வுக்கு அது தேவைதான். ஆனால் கண்முன்னால் விழுங்கினால்தான் நம்புவேன் என்ற சிகிச்சை முறை பிறகு உலகெங்கும் பரவியதில் சென்னைக்கும் பங்குண்டு. மக்களை நம்பிய முடிவும், மக்களை நம்பாத முறையும் ஒரே கட்டடத்திலிருந்து வந்தன. நம் எல்லோருடைய வேலையிலும் இந்த இரண்டும் கலந்தேதான் இருக்கின்றன. எது எந்த நேரத்தில் தலைதூக்குகிறது என்று பார்த்துக்கொண்டே இருக்கவேண்டியிருக்கிறது.

இன்னொரு இடம், கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடநெம்மேலி. 1972ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டமும் அதையடுத்து வந்த தடைகளும் பாம்புத்தோல் வியாபாரத்தை நிறுத்தின. பாம்பு பிடித்து அதை நம்பியிருந்த இருளர் பழங்குடிக் குடும்பங்கள் ஒரே அடியில் பிழைப்பை இழந்தன. "வேறு தொழில் கற்றுக்கொள்ளுங்கள்" என்று தையல் மெஷின் கொடுப்பதுதான் நமக்குத் தெரிந்த மறுவாழ்வு. பாம்பு ஆராய்ச்சியாளர் ராமுலஸ் விட்டேக்கர் வேறு மாதிரி யோசித்தார். இவர்களிடம் இருக்கும் அறிவு வேறு யாரிடமும் இல்லை என்பது அவர்களோடு காட்டில் நடந்து அவருக்குத் தெரிந்திருந்தது. 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் உருவானது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்கையும் பிடித்து, சில வாரம் வைத்திருந்து, விஷம் எடுத்து, திரும்பவும் காட்டில் விடுகிறார்கள். நாட்டில் பாம்புக்கடி மருந்து தயாரிக்கும் நிறுவனங்கள் இந்த விஷத்தை நம்பியே இருந்திருக்கின்றன. அங்கே இருளர்கள் பயனாளிகள் இல்லை, சங்கத்தின் உறுப்பினர்கள். வடிவேல் கோபால், மாசி சடையன் இருவரையும் 2017இல் மலைப்பாம்பு பிடிக்க ஃபுளோரிடாவுக்கு அழைத்தார்கள்; 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ கொடுத்தார்கள்.

அதே இருளர் சமூகத்துப் பிள்ளைகள் சாதிச் சான்றிதழுக்காகத் தாலுகா அலுவலக வாசலில் அலைந்த கதைகளும் நமக்குத் தெரியும். ஓரிடத்தில் நிபுணர், இன்னோரிடத்தில் மனுதாரர். ஆள் மாறவில்லை. எதிரில் உட்கார்ந்திருப்பவரின் பார்வைதான் மாறுகிறது.

சுனாமி நேரத்தில் நாகப்பட்டினத்தில் சாலையோரமாகப் பழைய துணி மலைபோலக் குவிந்துகிடந்ததை இங்கே பலர் பார்த்திருப்பீர்கள். நல்ல மனதோடு அனுப்பியவைதான். மீனவ மக்கள் அதைத் தொடவில்லை. அடுத்தவர் உடுத்திக் கழித்ததை வாங்கும் நிலை அவர்களுக்கு அதற்கு முன்னால் இருந்ததில்லை. அந்த ஊர்களில் பஞ்சாயத்து இருந்தது, கேட்டால் வேண்டியதைச் சொல்லியிருப்பார்கள்.

இப்போது கொஞ்சம் சங்கடமான இடத்துக்கு வருகிறேன். நம் ஊரில் பண்பாடு என்று பேச ஆரம்பித்துவிட்டுச் சாதியைப் பேசாமல் போனால் அது பேச்சே இல்லை. புதிதாகச் சேர்ந்தவரிடம் அலுவலகத்தில் "சொந்த ஊர் எது?" என்று கேட்கிறோம். நல்ல கேள்வி. "ஊர்ல எந்தப் பக்கம்?", "குலதெய்வம் எது?" என்று நீளும்போது அது என்ன கேள்வி என்று கேட்பவருக்கும் தெரியும், பதில் சொல்பவருக்கும் தெரியும். சைவம் சாப்பிடுபவர்களுக்கு மட்டும் வீடு என்று பலகை தொங்கும் தெருக்கள் இந்தச் சென்னையில் உண்டு. குடிசைகளிலிருந்து அகற்றப்பட்டவர்களைக் குடியமர்த்திய கண்ணகி நகர், பெரும்பாக்கம் முகவரியைச் சொன்னால் நேர்காணலிலேயே முகம் மாறுகிறது என்று உறவினர் வீட்டு முகவரியைப் போடும் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஆற்றங்கரையிலிருந்து அந்தக் குடும்பங்களை அங்கே கொண்டுபோய் வைத்தது யார்? அவர்கள் கேட்டுப் போகவில்லை. உங்களில் ஆளெடுக்கும் பொறுப்பில் இருப்பவர்கள், முதல் சுற்றில் முகவரியே கண்ணில் படாதபடி விண்ணப்பத்தை மாற்றுங்கள். ஒரு படிவத்தை மாற்றும் அதிகாரமாவது பலருக்கு இருக்கிறது.

கட்டட வேலைக்கு வந்திருப்பவர்கள் விஷயமும் இதுவே. வடக்கே போன தமிழரையும் தெலுங்கரையும் மலையாளியையும் ஒன்றாக மதராசி என்று சொன்னபோது நமக்குக் கோபம் வந்தது. இன்று ஓ.எம்.ஆர். கட்டடங்களில் ஒடியாவும் வங்காளமும் சந்தாலியும் பேசுகிறவர்களுக்கு இந்தியில் எச்சரிக்கைப் பலகை வைத்துவிட்டு, சொல்லியாயிற்று என்கிறோம். 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் வடமாநிலத் தொழிலாளர்களைத் தாக்குகிறார்கள் என்று பரவிய பொய் வீடியோக்களை நம்பிப் பயந்து பலர் ஊருக்குக் கிளம்பினார்கள். பக்கத்தில் நம்பிப் பேச ஒரு தமிழர் இருந்திருந்தால், "அது உண்மையாண்ணே?" என்று அவரிடமே கேட்டிருப்பார்கள்.

நிறுவனங்கள் மாறும் என்பதற்கும் நம்மிடம் சாட்சி இருக்கிறது. 2004இல் தமிழ்நாட்டு அரசு மருத்துவமனைகளில் பிரசவ நேரத்தில் வீட்டுப் பெண் ஒருவர் கூட இருக்க அனுமதி வந்தது. அதுவரை வலியில் கதறும் பெண் தனியாகத்தான் கிடந்தாள். 2021இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவத்தில், ரத்தக்கொதிப்பு, சர்க்கரை மாத்திரையை வீட்டுக்குக் கொண்டுபோவது அந்தந்தப் பகுதிப் பெண்களே. யார் வீட்டில் எந்த நேரம் ஆள் இருக்கும் என்று அவர்களுக்குத் தெரியும்.

இந்த இடத்தில், முன்வரிசையிலிருந்து ஒரு தங்கை சீட்டில் எழுதி அனுப்பிய கேள்வியைப் படிக்கிறேன்: "எல்லாவற்றையும் அவர்கள் பண்பாடு என்று விட்டுவிட்டால், மனநோயாளியைக் கோயிலிலும் தர்காவிலும் கட்டிப்போடுவதையும் ஒப்புக்கொள்ள வேண்டுமா?"

கேட்கவேண்டிய கேள்வி. பதில், கூடாது. 2001 ஆகஸ்ட் 6 அன்று, ராமநாதபுரம் மாவட்டத்தில் தர்கா இருக்கும் ஏர்வாடியில், மனநோயாளிகளை வைத்திருந்த ஒரு காப்பகக் கொட்டகை தீப்பிடித்தது. சங்கிலியில் கட்டப்பட்டிருந்தவர்களால் ஓட முடியவில்லை. 28 பேர் இறந்தார்கள். அதன்பிறகு அப்படிப்பட்ட காப்பகங்கள் மூடப்பட்டன. சங்கிலியால் கட்டுவதை 2017ஆம் ஆண்டு மனநலச் சட்டம் எந்த இடத்திலும் தடைசெய்கிறது. அதில் பேச்சுக்கே இடமில்லை. கட்டுண்டு கிடப்பவரும் அந்தப் பண்பாட்டைச் சேர்ந்தவர்தானே? பணிவு முதலில் அவருக்குத்தான் காட்டவேண்டியது.

ஆனால் காப்பகத்தை மூடியதால் மக்கள் ஏர்வாடிக்குப் போவது நிற்கவில்லை. மருத்துவர் கைவிட்ட இடத்தில், செலவு தாங்காத இடத்தில், அக்கம்பக்கத்துப் பேச்சுக்குப் பயந்த இடத்தில் அவர்களுக்கு அந்த வாசல்தான் இருந்தது. பின்னாளில் மனநல மருத்துவத்தையே தர்காவுக்குக் கொண்டுபோனார்கள். மருந்தும் துஆவும், அதாவது பிரார்த்தனையும், சேர்ந்து நடக்கும் ஏற்பாடு. குஜராத்தில் ஒரு தர்காவில் தொடங்கியது, ஏர்வாடிக்கும் வந்தது. தொழுகையை விட்டுவிட்டு வா என்று அங்கே யாரும் சொல்வதில்லை. தர்காவில் இருப்பவர்களே, "டாக்டரையும் பார்த்துட்டு வாங்க" என்று அனுப்புகிறார்கள். ஊரில் நாலு பேர் சொல்லியும் கேட்காத குடும்பம், அவர்கள் சொன்னால் கேட்கிறது. அதனால் தங்கை, நாளை உங்கள் வார்டுக்கு மந்திரித்த கயிறு கட்டிய ஒருவரை அழைத்து வந்தால் கயிற்றை அறுக்கச் சொல்லாதீர்கள். யாரிடம் கட்டிக்கொண்டார்கள், அவர் என்ன சொன்னார் என்று கேளுங்கள். மாத்திரையை எந்த நேரத்தில் கொடுக்க முடியும் என்பதையும் அந்தக் குடும்பத்திடமே கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். அடுத்த முறை அவர்கள் வருகிறார்களா என்று பாருங்கள். வராவிட்டால் ஏன் என்று போய்க் கேளுங்கள்.